ஈட்டியும் பாட்டும்

ஐரோப்பாக் கண்டத்தின் வடகோடியில் பின்லாந்து என்னும் நாடு உள்ளது. எண்ணிறந்த ஏரிகளும் ஊசியிலைக் காடுகளும் நிறைந்த நாடு அது. கோடையில் அதன் வடபகுதியில் நள்ளிரவிலும் கதிரவன் மறைவதில்லை; பனிக்காலத்திலோ நண்பகலிலும் விளக்கேற்றிக்கொள்ள வேண்டியிருக்கும். அந்நாட்டின் பழங்கதைகளில் காட்டுக்குத் தலைவனாகிய தெய்வத்தின் பெயர் தாப்பியோ. வேட்டைக்குச் செல்வோர் அத்தெய்வத்தை வேண்டிப் பாடிய பின்னரே காட்டினுள் காலடி வைப்பர் என்று அவர்தம் பெருங்காப்பியமாகிய கலேவலா கூறுகின்றது. உதயணன் என்னும் புனைபெயர் கொண்ட ஈழத்து எழுத்தாளர் இரா. சிவலிங்கம் அக்காப்பியத்தைத் தமிழாக்கி 1994-ஆம் ஆண்டில் வெளியிட்டுள்ளார். காட்டுத் தெய்வத்தின் பெயரைத் தாங்கிப் பிறந்து, கையால் ஈட்டி எறிந்தும் குரலால் பாட்டுப் பாடியும் ஒரு நாட்டு மக்களின் நெஞ்சில் இடம் பெற்ற தாப்பியோ ரவுத்தவாராவின் வரலாற்றை இங்குக் காண்போம்.

தம்பெரே என்பது பின்லாந்தின் பெரிய தொழில் நகரங்களுள் ஒன்று. அதனை அடுத்த பிர்க்கலாவில் 1915-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 8-ஆம் நாள் தாப்பியோ பிறந்தார். தந்தையின் ஆதரவு அவருக்குக் கிட்டவில்லை. தாய் ஒருவரே அவரை வளர்த்தார். ஆண் துணையின்றி, உழைத்துப் பெறும் கூலியைக் கொண்டே ஒரு பெண் பிள்ளையை வளர்ப்பது அக்காலத்தில் எளிதன்று. வறுமையோடு ஊராரின் சொல்லையும் அவள் தாங்க வேண்டியிருந்தது.

அந்நாளில் பின்லாந்து உருசியப் பேரரசரின் ஆட்சிக்கு உட்பட்டிருந்தது. 1917-ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்களில் அது விடுதலை பெற்றது. பெற்ற விடுதலையை நாட்டார் கொண்டாடி முடிப்பதற்குள் உள்நாட்டுப் போர் மூண்டது. 1918-ஆம் ஆண்டின் தொடக்கத்தில், தொழிலாளரும் நிலமற்ற உழவரும் ஒருபுறம் நின்றனர். நிலமுடையோரும் செல்வரும் அவரைச் சார்ந்தோரும் மறுபுறம் நின்றனர். முன்னவரைச் சிவப்பர் என்றும் பின்னவரை வெள்ளையர் என்றும் வழங்கினர். தம்பெரே நகரின் தெருக்களில் கடும்போர் நிகழ்ந்தது. முடிவில் வெள்ளையர் வென்றனர். தோற்றவர்கள் அடைக்கப்பட்ட முகாம்களில் பசியாலும் நோயாலும் மாண்டவர் பதினாயிரத்திற்கும் மேற்பட்டவர். சில திங்களிலேயே போர் ஓய்ந்துவிட்டது. ஆயினும் அது மக்களிடையே உண்டாக்கிய பிளவு ஒரு தலைமுறைக்கு மேலும் ஆறவில்லை. விளையாட்டுங்கூட இரண்டாகப் பிரிந்தது. 1919-ஆம் ஆண்டில் தொழிலாளர்கள் தமக்கெனத் தனியே ஒரு விளையாட்டுக் கூட்டமைப்பை நிறுவிக்கொண்டனர். ஒரே ஊரில் ஓடுகின்ற இளைஞர் இருவர், ஒருவரையொருவர் ஒரு பந்தயத்திலும் எதிர்கொள்ளாமலே முதுமை எய்துதல் கூடும் என்னும் நிலை உண்டாயிற்று. இதனை நினைவிற் கொள்ளுதல் வேண்டும்; தாப்பியோவின் வாழ்வில் இது மீண்டும் வரும்.

தாயும் மகனும் தலைநகராகிய ஹெல்சிங்கியின் வடபுறத்திலுள்ள ஓலுன்குலா என்னும் சிற்றூருக்கு வந்து குடியேறினர். அங்கேதான் தாப்பியோ வளர்ந்தார். பள்ளியில் நெடுங்காலம் பயிலும் வாய்ப்பு அவருக்கு இல்லை. சிறுவயதிலேயே கூலிவேலைக்குச் செல்லத் தொடங்கினார். உடலுழைப்பால் வந்த வேலை எதுவாயினும் செய்தார். வறுமை அவரை வாட்டியது; ஆயினும் உடல் வளர்ச்சியைத் தடுக்கவில்லை. நெடிய உருவமும் அகன்ற தோளும் நீண்ட கைகளும் அமைந்தன. குரலும் உடலுக்கேற்றவாறு ஆழ்ந்து ஒலித்தது.

அவ்வூரில் தொழிலாளர் கூட்டமைப்பைச் சார்ந்த ஒரு விளையாட்டுக் கழகம் இருந்தது. தாப்பியோ அதில் சேர்ந்து ஈட்டி எறியப் பழகினார். பின்லாந்து மக்களுக்கு ஈட்டி எறிதல் வெறும் விளையாட்டன்று. கிட்டத்தட்ட ஒரு குலவித்தை என்றே கூறலாம். சிறுவர்கள் மரக்கிளையைச் சீவி ஈட்டியாக்கி எறிந்து மகிழ்வர். 1920-ஆம் ஆண்டு ஒலிம்பிக் போட்டியில் ஈட்டி எறிதலில் முதல் நான்கு இடங்களையும் பின்லாந்தினரே பெற்றனர். அவ்வாண்டிலும் 1924-ஆம் ஆண்டிலும் யொன்னி மூராவும், 1932-ஆம் ஆண்டில் மாத்தி யார்வினெனும் பொற்பதக்கம் வென்றனர். அத்தகைய நாட்டில் ஈட்டி எறிவோர் பலருள் ஒருவராக விளங்குவது எளிது. முதல்வராக உயர்வது மிக அரிது.

ஆண்கள் எறியும் ஈட்டியின் எடை 800 கிராம். நீளம் ஓர் ஆளின் உயரத்தினும் மிகுதி. அக்காலத்தில் அது மரத்தால் ஆகியிருந்தது. கை வலிமை மட்டும் கொண்டு அதனைத் தொலைவில் செலுத்த இயலாது. ஓடிவரும் விரைவு காலிலிருந்து இடுப்பிற்கும், இடுப்பிலிருந்து தோளுக்கும், தோளிலிருந்து விரல் நுனிக்கும் ஒரு சாட்டையின் வீச்சுப்போல் ஏற வேண்டும். ஈட்டி காற்றைக் கிழித்துச் செல்ல வேண்டுமேயன்றிக் காற்றில் அலையக் கூடாது. பகலெல்லாம் கூலிக்கு உழைத்த உடலோடு மாலையில் இதனை ஆயிரமாயிரம் முறை பழகினார் தாப்பியோ.

ஆயினும் காலம் அவருக்குப் பகையாயிற்று. 1940-ஆம் ஆண்டு ஒலிம்பிக் போட்டி ஹெல்சிங்கியிலேயே நடப்பதாக இருந்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து. ஈட்டி எறிவோர்க்கு உடல் வலிமை மிக்க பருவம். ஆனால் 1939-ஆம் ஆண்டு நவம்பர் 30-ஆம் நாள் சோவியத்துப் படை பின்லாந்தின்மீது பாய்ந்தது. பனிக்காலப் போர் எனப்படும் அப்போர் நூறு நாள்களுக்குச் சற்று மேல் நீடித்தது. 1941-ஆம் ஆண்டு கோடையில் செருமானியருடன் சேர்ந்து பின்லாந்து மீண்டும் போரில் இறங்கியது. அது 1944-ஆம் ஆண்டு செப்டம்பர் வரை ஓயவில்லை. ஒலிம்பிக் போட்டிகள் 1940-ஆம் ஆண்டிலும் இல்லை. 1944-ஆம் ஆண்டிலும் இல்லை. தாப்பியோவின் சிறந்த ஆண்டுகள் போர்முனைக்கே உரியவாயின.

எனினும் போர்தான் அவருக்கு இரண்டாவது வழியையும் திறந்துவிட்டது என்பதை மறுத்தற்கில்லை. பின்லாந்துப் படை கைப்பற்றியிருந்த கிழக்குப் பகுதியில், அவுனுஸ் என்னும் ஊரில், போர்வீரர்களுக்கென ஒரு வானொலி நிலையம் இயங்கியது. வீட்டை நினைந்து ஏங்கும் வீரர்களுக்குச் செய்தியும் பாட்டும் நகைச்சுவையும் அளிப்பது அதன் பணி. தாப்பியோ அங்குப் பணியாற்றினார். ஒலிபெருக்கியின் முன் நின்று பாடினார். மேடைப் பாடகரைப்போல் குரலை உயர்த்தி முழங்கவில்லை. அருகில் அமர்ந்திருக்கும் தோழனுக்குக் கதை சொல்வதுபோல் தாழ்ந்த குரலில் பாடினார். பதுங்குகுழியில் அமர்ந்து கேட்ட வீரனுக்கு அக்குரல் தனக்கென்றே ஒலிப்பதாகத் தோன்றியிருக்கும். பிற்காலத்தில் அவருடைய பாட்டுக்குப் பெருமை சேர்த்ததும் இந்த இயல்பே.

போர் முடிந்தபோது பின்லாந்து களைத்திருந்தது. கரேலியா என்னும் கிழக்கு மாநிலத்தின் பெரும்பகுதி பறிபோயிற்று. அங்கு வாழ்ந்த நான்கு இலட்சத்திற்கும் மேற்பட்டோர் வீடு வாசலை விட்டு வந்தனர். அவர்களுக்கெல்லாம் இடம் தேட வேண்டியிருந்தது. சோவியத்து நாட்டிற்குப் போர் இழப்பீடாகப் பெரும் பொருளை ஆண்டுதோறும் கப்பலாகவும் எந்திரமாகவும் செலுத்த வேண்டியிருந்தது. 1952-ஆம் ஆண்டில்தான் அக்கடன் தீர்ந்தது. உணவும் உடையும் பங்கீட்டில் கிடைத்தன. இத்தகைய காலத்தில் மக்கள் எதனை நாடுவர்? ஒரு மாலைப்பொழுதேனும் துன்பத்தை மறந்திருக்க விரும்புவர். திரைப்பட அரங்குகளில் கூட்டம் நிரம்பி வழிந்தது. தாப்பியோவின் உருவமும் குரலும் திரைப்படத் தயாரிப்பாளரின் கண்ணுக்குத் தப்பவில்லை. போர் முடிந்த சில ஆண்டுகளுக்குள்ளாகவே அவர் திரையில் தோன்றலானார். 1946-ஆம் ஆண்டில் அவருடைய முதல் இசைத்தட்டும் வெளிவந்தது.

இடையில் ஈட்டியை அவர் கைவிடவில்லை. நாட்டின் முதல்நிலை வீரராகப் பலமுறை வென்றார். 1948-ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரில் ஒலிம்பிக் போட்டி நடந்தபோது அவருக்கு வயது முப்பத்து மூன்று. ஈட்டி எறிவோர் பலர் ஓய்வு பெறும் வயது அது.

அந்த ஆண்டின் போட்டியில் பின்லாந்து மக்களின் நம்பிக்கை முழுவதும் நெடுந்தூர ஓட்டக்காரர் மேலேயே இருந்தது. பாவோ நூர்மி பிறந்த நாடல்லவா அது! பதினாயிரம் மீட்டர் ஓட்டத்தில் உலகச் சாதனையாளராக விளங்கிய வில்யோ ஹெய்னோ வெல்வது உறுதி என்றே பலரும் எண்ணியிருந்தனர். ஆனால் செக்கோஸ்லவாக்கிய நாட்டு எமில் சாட்டோபெக் என்னும் இளைஞரின் ஓட்டத்திற்கு ஈடு கொடுக்க இயலாமல், ஹெய்னோ இடையிலேயே பந்தயத்தை விட்டு விலகினார். ஐயாயிரம் மீட்டர் ஓட்டத்திலும் வெற்றி பெல்ஜியத்திற்குச் சென்றது. வானொலிப் பெட்டியைச் சூழ்ந்திருந்த பின்லாந்து மக்கள் சோர்ந்தனர்.

ஆகஸ்டுத் திங்கள் 4-ஆம் நாள் வெம்பிளி அரங்கில் ஈட்டி எறிதல் நடந்தது. தாப்பியோ எறிந்த ஈட்டி 69.77 மீட்டர் தொலைவில் சென்று தைத்தது. அமெரிக்கராகிய ஸ்டீவ் சீமோர் 67.56 மீட்டரும், அங்கேரியராகிய யோசெஃப் வார்செகி 67.03 மீட்டரும் எறிந்தனர். முதல்வருக்கும் இரண்டாமவருக்கும் இடையே இரண்டு மீட்டருக்கும் மேற்பட்ட இடைவெளி! அந்த ஒலிம்பிக் போட்டியில் ஓட்டம், தாண்டல், எறிதல் ஆகிய தடகள வகைகள் எல்லாவற்றிலும் சேர்த்துப் பின்லாந்துக்குக் கிடைத்த பொற்பதக்கம் அஃது ஒன்றேயாகும்.

இவ்வெற்றியின் பொருளை உணர வேண்டுமானால், முன்னர்க் கூறிய பிளவை நினைத்தல் வேண்டும். உலகப் போருக்கு முன்பு தொழிலாளர் கூட்டமைப்பின் வீரர்கள் ஒலிம்பிக் போட்டிக்குச் செல்வதில்லை. தமக்கெனத் தனியே தொழிலாளர் ஒலிம்பிக் போட்டிகளை நடத்திக்கொண்டனர். நாட்டின் கொடியின்கீழ் அணிவகுத்தவர் அனைவரும் மறுபக்கத்தவரே. போர்க்களத்தில் இரு பக்கத்தார் பிள்ளைகளும் ஒரே பதுங்குகுழியில் படுத்தனர்; அதன்பின் அந்தப் பழைய வேலி சற்றே தளர்ந்தது. இலண்டனுக்குச் சென்ற அணியில் இரு கூட்டமைப்பினரும் இருந்தனர். தந்தையின் துணையற்றவர், கூலி வேலை செய்து வளர்ந்தவர், சிவப்பர் என்று ஒதுக்கப்பட்டோரின் கழகத்தில் பழகியவர்: அவர் வென்ற பதக்கத்தை நாடு முழுவதும் தன் பதக்கமாகவே கொண்டாடிற்று. மேடையில் அவர் நின்றபோது ஒலித்த நாட்டுப்பண், முப்பது ஆண்டுகளுக்கு முன் இரண்டு பட்டு நின்ற மக்களுள் இரு சாராருக்கும் ஒருங்கே உரியதாயிற்று. அரசியல் தலைவர்கள் பல்லாண்டு முயன்றும் எய்த இயலாததை ஒரு மர ஈட்டி அன்று ஓரளவு செய்து காட்டியது என்றே எனக்குத் தோன்றுகின்றது.

பதக்கம் புகழைத் தந்தது, பொருளைத் தரவில்லை. அக்கால ஒலிம்பிக் விதிகளின்படி விளையாட்டால் பணம் ஈட்டுதல் கூடாது. வயிறு வளர்க்கப் பாட்டே துணையாயிற்று. இந்நிலையில்தான் ரெய்னோ ஹெலிஸ்மா என்னும் பாவலருடைய நட்பு அவருக்கு வாய்த்தது. ஹெலிஸ்மா 1913-ஆம் ஆண்டில் பிறந்தவர்; அச்சகத்தில் எழுத்துக்கோக்கும் தொழில் செய்தவர்; மெலிந்த உடலினர்; ஆனால் சொல்லுக்குப் பஞ்சமில்லாதவர். தாம் வாழ்ந்த ஐம்பத்தொரு ஆண்டுகளுக்குள் ஆயிரக்கணக்கான பாடல்களை எழுதிக் குவித்தார். இவ்விருவரோடு தொய்வோ கேர்க்கி என்னும் இசையமைப்பாளரும் சேர்ந்தார். பின்லாந்துத் திரைப்படங்கள் பலவற்றிற்கு இசையமைத்தவர் இந்தக் கேர்க்கி. ஹெலிஸ்மா சொல் தர, கேர்க்கி இசை தர, தாப்பியோ குரல் தந்தார். போருக்குப் பிந்திய பின்லாந்து மக்களின் பாட்டு மரபு இம்மூவர் கையில் உருப்பெற்றது என்று கூறினால் மிகையாகாது.

அவர்கள் ஊர் ஊராகச் சென்று நிகழ்ச்சி நடத்தினர். அந்தப் பயணங்களை இன்று எண்ணிப் பார்த்தல் எளிதன்று. போர்க்காலத்தில் பின்லாந்தில் பொது நடனங்கள் தடைசெய்யப்பட்டிருந்தன. வீரர் களத்தில் மடியும்போது மக்கள் ஆடிக் களிப்பது தகாது என்பது அரசின் எண்ணம். போருக்குப் பின் தடை படிப்படியாக நீங்கியது. ஆயினும் நடனத்திற்கு மட்டும் கூட்டம் கூட்டினால் கடுமையான வரி. பாட்டும் நாடகமும் கலந்த நிகழ்ச்சியானால் வரிச்சுமை குறைவு. ஆகவே சிற்றூர்களின் மன்றங்கள் யாவும் பாடகரையும் நகைச்சுவையாளரையும் தேடி அழைத்தன. பனி மூடிய சாலைகளில், பழைய வண்டிகளில், இசைக்கருவிகளோடு நெருக்கியடித்து அமர்ந்து அவர்கள் சென்றனர். தொழிலாளர் மன்றம், உழவர் சங்கக் கூடம், தீயணைப்புப் படையின் கொட்டகை என எங்கும் மேடை அமைந்தது. மறுநாள் அடுத்த ஊர். ஒலிம்பிக் வீரரைக் காண வந்தவர்கள், பாடகரின் குரலைச் செவியில் ஏந்தி வீடு திரும்பினர்.

அப்பாடல்களில் ஒன்றைக் குறிப்பிட்டாக வேண்டும். கதிரொளியும் காட்டுப் பூதமும் பற்றியது அது. ஹெலிஸ்மா எழுதி இசையமைத்தது. 1949-ஆம் ஆண்டில் தாப்பியோ பாடி இசைத்தட்டாக வெளிவந்தது. மாலையில் கதிரவன் மறைந்த பின்னும் ஒரே ஓர் ஒளிக்கதிர் காட்டில் தங்கிவிடுகின்றது. இருளிலேயே பிறந்து இருளிலேயே வாழும் சிறு பூதம் ஒன்று அதனைக் கண்டு வியந்து காதல் கொள்கின்றது. தன்னுடன் தங்கிவிடுமாறு வேண்டுகின்றது. இருளில் தங்கினால் தான் அழிந்துபோகும் என்று கூறி ஒளிக்கதிர் பிரிந்து செல்கின்றது. தனித்து நின்ற பூதம், ஒருவர் ஒளியின் பிள்ளையாகவும் மற்றவர் இரவின் காதலராகவும் பிறப்பது ஏன் என்று எண்ணி எண்ணி மாய்கின்றது. குழந்தைக் கதைபோல் தொடங்கி, கேட்பவர் கண்ணை நனைத்து முடியும் பாட்டு இது. பாதி ஆண்டு இருளில் வாழும் மக்களுக்கு அதன் பொருளை யாரும் விளக்க வேண்டியதில்லை.

தாப்பியோ பிறர் பாட்டைப் பாடியதோடு நின்றவர் அல்லர்; தாமும் இசையமைத்தார். பரணில் கிடந்த பாட்டனாரின் வைக்கோல் தொப்பியைப் பற்றி அவரே சொல்லும் இசையும் அமைத்துப் பாடிய பாட்டு, பின்லாந்தில் அறியாதார் இல்லை என்னும் அளவிற்குப் பரவியது. இதனினும் வியப்பிற்குரியது மற்றொன்று. மார்த்தி ஹாவியோ என்பவர் நாட்டுப்புறவியற் பேராசிரியர், பெரும்புலவர். முஸ்தப்பா என்னும் புனைபெயரில் கவிதையும் எழுதினார். நீலக் கனவு என்னும் பொருள்படும் தலைப்புடைய அவருடைய கவிதை ஒன்றைத் தாப்பியோ எடுத்துத் தாலாட்டுப்போல் இசையமைத்தார். பள்ளிப் படிப்பை விரைவில் விட்டவர், பேராசிரியரின் கவிதைக்குள் ஒளிந்திருந்த பண்ணைக் கண்டு வெளிக்கொணர்ந்தார். இசைக் கல்லூரியில் பட்டம் பெற்றவர் அல்லர் அவர். காதும் நெஞ்சுமே அவருக்கு ஆசிரியர்.

திரைப்படத் துறையிலும் அவருக்கு வேலை குறையவில்லை. அந்நாளில் பின்லாந்தில் ஒரு சில நிறுவனங்களே ஆண்டுதோறும் பல படங்களை எடுத்து வெளியிட்டன. தொலைக்காட்சி வருவதற்கு முன் சிற்றூர் மக்களுக்குப் படமே பெரிய பொழுதுபோக்கு. தாப்பியோ இருபதுக்கும் மேற்பட்ட படங்களில் தோன்றினார். பெரும்பாலும் அவருக்கு அமைந்தவை உழைப்பாளி, நாடோடி, காட்டில் திரிபவன் முதலிய வேடங்கள். படத்தின் நடுவே பாட்டும் உண்டு. 1955-ஆம் ஆண்டில் வெளிவந்த வில்லி பொஹ்யோலா என்னும் படம் குறிப்பிடத்தக்கது. காட்டு வடக்கு என்பது அதன் பொருள். அமெரிக்கக் குதிரைவீரர் படங்களின் போக்கில், லாப்லாந்து என்னும் வடபுலத்தைக் களமாக்கி எடுக்கப்பட்ட படம் அது. ஹாலிவுட்டில் டார்சன் வேடத்திற்கு அவரை அழைத்தனர் என்றும், அவர் அதனை ஏற்கவில்லை என்றும் ஒரு செய்தி வழங்குகின்றது. அவருடைய தோள்களைப் படத்தில் கண்டவர் அச்செய்தியை ஐயுறமாட்டார்.

கற்றறிந்தோர் இத்தகைய படங்களையும் பாட்டுகளையும் மதிக்கவில்லை. ஹெலிஸ்மாவும் அவருடைய தோழர்களும் எழுதி நடித்த நகைச்சுவைப் படங்களைச் செய்தித்தாள்களின் திறனாய்வாளர்கள் கடிந்து எழுதினர். நாட்டின் பண்பாட்டைத் தாழ்த்துவன என்றனர். மக்களோ அவற்றைக் காண வரிசையில் நின்றனர். இருதிறத்தாரிடமும் ஓரளவு உண்மை உண்டு. அவசரத்தில் எடுத்த படங்கள் பல. அவற்றுள் நிலைத்தவை சில. ஆனால் அக்காலத்தில் இகழப்பட்ட பாட்டுகள் பின்னர் அந்நாட்டின் செல்வமாகப் போற்றப்படுகின்றன என்பதும் அறியத்தக்கது.

நண்பர்களின் கூட்டு நெடுங்காலம் நீடிக்கவில்லை. 1950-களில் தாப்பியோவுக்கும் ஹெலிஸ்மாவுக்கும் இடையே மனவேறுபாடு உண்டாகி, இருவரும் தனித்தனி வழியே சென்றனர். அதன்பின் தாப்பியோ பெரும்பாலும் தனியாகவே ஊர் ஊராகச் சென்று, கித்தாரை ஏந்திப் பாடினார். ஹெலிஸ்மா 1965-ஆம் ஆண்டில் மறைந்தார்.

இதனிடையே அவருக்கு வேறொரு படைக்கலத்தின்மீது விருப்பம் பிறந்தது. ஈட்டியை விட்டு வில்லைக் கையில் எடுத்தார். ஓடிவந்து உடல் முழுவதையும் வீசி எறியும் விளையாட்டுக்கும், மூச்சையும் அடக்கி அசையாது நின்று குறிபார்க்கும் விளையாட்டுக்கும் எவ்வளவு வேறுபாடு! ஒன்றில் சிறந்தவர் மற்றொன்றில் சிறத்தல் அருமை. 1958-ஆம் ஆண்டில் பிரசெல்ஸ் நகரில் நடந்த உலக வில்வித்தைப் போட்டியில் பின்லாந்து அணி பொற்பதக்கம் பெற்றது. அவ்வணியில் தாப்பியோவும் ஒருவர். அப்போது அவருக்கு வயது நாற்பத்து மூன்று. ஒலிம்பிக் முதல்வர், உலக முதல்வர், பாடகர், இசையமைப்பாளர், நடிகர் எனும் ஐந்தும் ஒருவரிடத்தே அமைந்ததை வேறெங்கும் கண்டறிதல் கடினம்.

1960-களில் மக்களின் சுவை மாறியது. மின்கித்தாரும் புதிய ஆட்டங்களும் இளைஞரைக் கவர்ந்தன. தாப்பியோ அவற்றின் பின்னே ஓடவில்லை. தம்முடைய பழைய பாட்டுகளையே பாடினார்; கேட்போர் இருக்கும் இடத்திற்கே சென்று பாடினார். வாழ்நாளில் அவர் ஏறத்தாழ 300 பாடல்களை இசைத்தட்டில் பதிவு செய்தார். 1978-ஆம் ஆண்டில் தம் வாழ்க்கை நினைவுகளை ஒரு நூலாக வெளியிட்டார். கழிந்த நாள்களுள் ஒன்றையேனும் வேறொன்றுக்கு மாற்றிக்கொள்ள உடன்படேன் என்னும் கருத்தை அந்நூலின் பெயராக அமைத்தார். வறுமையில் கழிந்த நாளும் போர்முனையில் கழிந்த நாளும் அவற்றுள் அடங்கும்.

அதற்கு அடுத்த ஆண்டில் அவர் மறைந்தார். 1979-ஆம் ஆண்டு செப்டம்பர் 25-ஆம் நாள், ஹெல்சிங்கிக்கு வடக்கே திக்குரிலா என்னும் இடத்திலுள்ள நீச்சற்குளக் கட்டடத்தில் வழுக்கி விழுந்தார். தலையில் அடிபட்டது. வெளியே காயம் பெரிதாகத் தோன்றவில்லை. உள்ளே குருதி கசிந்துகொண்டிருந்தது. தலையில் அடிபட்டவரின் தள்ளாட்டமும் குழறலும் குடித்தவரின் நிலையை ஒத்திருக்கும். பார்த்தவர்கள் அவரைக் குடிமயக்கம் கொண்டவர் என்று கருதியதால் காயத்தின் கடுமை உரிய நேரத்தில் உணரப்படவில்லை என்று கூறுவர். நாடெங்கும் முகம் அறியப்பட்ட மனிதர், தம் இறுதி நாளில் யாரோ ஒரு குடிகாரராக எண்ணப்பட்டார் என்பதைப் படிக்கும்போது நெஞ்சம் கனக்கின்றது. அப்போது அவருக்கு வயது அறுபத்து நான்கு. ஹெல்சிங்கியில் மால்மி என்னும் இடத்திலுள்ள கல்லறைத் தோட்டத்தில் அவருடைய உடல் அடக்கம் செய்யப்பட்டது.

தாப்பியோவுக்கும் ஹெலிஸ்மாவுக்கும் இடையே இருந்த நட்பையும் பிரிவையும் கருவாகக் கொண்டு 1999-ஆம் ஆண்டில் ஒரு திரைப்படம் வெளிவந்தது. அடுத்த ஆண்டில், அவர் சிறுவராக ஓடித் திரிந்த ஓலுன்குலாவில் அவருக்கு ஒரு நினைவுச் சின்னம் எழுப்பப்பட்டது. அதனை வடித்த சிற்பி வெய்க்கோ முல்லர், நாடோடியின் கனவு என்று அதற்குப் பெயரிட்டார். பேராசிரியரின் கவிதைக்கு அவர் அமைத்த தாலாட்டை, அவரைக் கண்டறியாத தாய்மார்களும் பனிக்கால இரவுகளில் தம் பிள்ளைகளுக்குப் பாடுகின்றனர்.